போலியும் மூலமும்: கேம்பாய் எமுலேட்டர் வரலாறு குறித்துச் சில குறிப்புகள்

தமிழ் இலக்கணத்தில் 'போலி' என்னும் சொல்லுக்கு இழிபொருள் இல்லை. ஓர் எழுத்து நிற்க வேண்டிய இடத்தில் வேறோர் எழுத்து வந்து நின்றும் பொருள் மாறாதிருக்குமாயின் அது போலி. அறம் என்பது அறன் என நிற்பதைப் போல. வழக்கில்தான் அச்சொல் கள்ளச் சரக்கைக் குறிப்பதாகச் சுருங்கிவிட்டது. ஒரு கருவி நிற்க வேண்டிய இடத்தில் ஒரு நிரல் வந்து நின்று, அக்கருவிக்கென எழுதப்பட்ட ஆட்டத்தைப் பொருள் மாறாமல் நடத்தித் தருவதையே எமுலேட்டர் என்கிறார்கள். இலக்கணப் பொருளில் அதனைப் போலி என்று தாராளமாக அழைக்கலாம். ஆயினும் அச்சொல்லின் மற்றப் பொருளும் இதன் வரலாறு முழுக்க நிழலாய்த் தொடர்ந்து வருவதால், எமுலேட்டர் என்றே இங்கு எழுதுகிறோம்.

நாம் எடுத்துக்கொண்டிருப்பது கேம்பாய் என்னும் கையடக்க விளையாட்டுக் கருவியையும் அதன் வாரிசான கேம்பாய் அட்வான்ஸையும். நின்டெண்டோ நிறுவனம் 1989 ஏப்ரல் 21 அன்று ஜப்பானில் வெளியிட்ட கேம்பாய், பிறந்த அன்றே பழையதாய் இருந்த கருவி. 160க்கு 144 புள்ளிகள் கொண்ட சிறு திரை. அதில் நான்கே சாயல்கள், அவையும் பாசிப் பச்சையில். வினாடிக்கு நாற்பத்திரண்டு லட்சம் துடிப்புகள் மட்டுமே உள்ள எட்டு பிட் செயலி. அதன் வடிவமைப்புக் குழுவின் தலைவர் குன்பெய் யோகோய், உலர்ந்து முதிர்ந்த தொழில்நுட்பத்தைப் புதிய திசையில் பயன்படுத்துவதே தம் கொள்கை என்று சொல்லி வந்தவர். போட்டிக் கருவிகள் வண்ணத் திரைக்காகப் பேட்டரிகளை விழுங்கிக்கொண்டிருந்த காலத்தில், நான்கு பேட்டரிகளோடு பல மணிநேரம் ஓடிய இந்த மங்கல் பெட்டியே நிலைத்தது. வண்ணத் திரையுடன் பின்னர் வந்த பதிப்பையும் சேர்த்து 11 கோடியே 86 லட்சத்துக்கும் மேல் விற்றதாக நிறுவனத்தின் கணக்கு. கருவி எளிமையானது என்பது இக்கதைக்கு முக்கியம். எளியதையே முதலில் போலச்செய்ய முடியும்.

ஆட்டங்கள் கார்ட்ரிட்ஜுகளில் வந்தன. (நம்மூர்க் கடைகளில் இத்தகைய ஆட்ட அட்டைகள் எல்லாவற்றுக்கும் 'கேசட்' என்றே பெயர், நாடா எதுவும் உள்ளே இல்லை என்பது யாரையும் உறுத்தவில்லை.) கேம்பாயின் செயலியால் கார்ட்ரிட்ஜிலிருந்து ஒரே சமயத்தில் 32 கிலோபைட்டைத்தான் காண முடியும். இரண்டு ஏடுகளை மட்டுமே விரிக்க இடமுள்ள மேசையில் நூறு ஏட்டுச் சுவடியை வாசிப்பது போன்ற நிலை. எனவே பெரிய ஆட்டங்களின் கார்ட்ரிட்ஜுக்குள் தனியொரு சில்லு வைக்கப்பட்டது. முதல் ஏடு அசையாமல் இருக்க, இரண்டாவது ஏட்டை வேண்டியபோது மாற்றி வைப்பது அதன் வேலை. சில கார்ட்ரிட்ஜுகளில் ஆடுபவரின் முன்னேற்றத்தைக் காக்கும் நினைவகமும், அந்நினைவகத்திற்கு உயிரூட்டும் காசு வடிவப் பேட்டரியும் இருந்தன. இந்தப் பேட்டரியிடம் பின்னர் வருவோம்.

மராட் ஃபைஸூலின் என்னும் நிரலாளர் 1995இல் உருவாக்கிய 'வெர்ச்சுவல் கேம்பாய்' இவ்வகையில் ஆரம்பகால முயற்சி. கருவியைப் பற்றிய அதிகாரபூர்வ விளக்க நூல்கள் வெளியாருக்குக் கிடைக்காத நிலையில், ஆர்வலர்கள் தாமே ஆராய்ந்து கண்டவற்றைக் குறிப்புகளாகத் தொகுத்து ஒருவருக்கொருவர் பரிமாறிக்கொண்டனர். பலர் கை பட்டு வளர்ந்த அத்தொகுப்பு இன்றும் திருத்தப்பட்டு வருகிறது. சில ஆண்டுகளில் மார்ட்டின் கோர்த் எழுதிய எமுலேட்டரும், கேம்பாய் அட்வான்ஸின் உள்ளமைப்பை விவரிக்கும் அவரது விரிவான குறிப்புநூலும் வந்தன. 2000களில் பெருவழக்கில் இருந்தது 'விஷுவல்பாய் அட்வான்ஸ்'. அதன் மூல ஆசிரியர் புனைபெயரிலேயே இயங்கி விலகிவிட, வேறு கைகள் அதனைத் தொடர்ந்தன.

கேம்பாயை இயக்கியதும் நிறுவனத்தின் பெயர் மேலிருந்து மெல்ல இறங்கி வருவதைப் பலர் ரசித்திருப்பார்கள். அது அலங்காரம் அன்று, காவல். அந்தச் சின்னத்தின் 48 பைட்டுகள் ஒவ்வொரு கார்ட்ரிட்ஜிலும் பதிக்கப்பட்டிருக்க வேண்டும். கருவிக்குள் இருக்கும் 256 பைட் தொடக்க நிரல் அதனைப் படித்துத் திரையில் வரைந்துவிட்டுத் தன் பிரதியோடு ஒப்பிடும். ஒரு பைட் பிசகினாலும் ஆட்டம் தொடங்காது. அனுமதியின்றி ஆட்டம் தயாரிப்பவர் நிறுவனத்தின் வணிகச் சின்னத்தைத் திருடியே ஆக வேண்டும் என்ற பொறி இது. (இதே வகைப் பொறியை வைத்த சேகா நிறுவனம், அக்கோலேட் நிறுவனத்தோடு நடத்திய வழக்கில் 1992இல் அமெரிக்க மேல்முறையீட்டு நீதிமன்றத்தில் தோற்றது வேறு கதை.) தொடக்க நிரல் தன் வேலை முடிந்ததும் தன்னைத்தானே மறைத்துக்கொள்ளும், ஆட்டத்தால் அதனைத் திரும்பிப் படிக்க இயலாது. எனவே பழைய எமுலேட்டர்கள் அதனைத் தாண்டிக் குதித்து, ஆட்டத்தின் முதல் வரியிலிருந்தே தொடங்கின. 2003இல் ஓர் ஆர்வலர் அச்சில்லின் மேலுறையை நீக்கி, நுண்ணோக்கியில் 2048 பிட்டுகளையும் கண்ணால் பார்த்து எழுதியெடுத்தார். செல்லரித்த ஏட்டை வெளிச்சத்தில் பிடித்து எழுத்தெழுத்தாகப் பெயர்த்தெழுதுவோரின் பொறுமைக்கு இது எவ்வகையிலும் குறைந்ததன்று என்பது நம் எண்ணம்.

கார்ட்ரிட்ஜிலிருந்து ஆட்டத்தைக் கோப்பாக எடுத்தவர்களுக்கு அடுத்து வந்தது பதிப்பாசிரியர்களின் பழைய தலைவலி: பாடபேதம். ஒரே ஆட்டத்திற்கு ஜப்பானியப் பதிப்பு, அமெரிக்கப் பதிப்பு, ஐரோப்பியப் பதிப்பு, பிழை திருத்திய மறுபதிப்பு. போதாக்குறைக்கு, எடுக்கும்போதே சிதைந்த பிரதிகளும் யாரோ கைவைத்த பிரதிகளும். 'குட்டூல்ஸ்' என்னும் கருவித்தொகுப்பு கோப்புப் பெயரின் இறுதியில் அடைப்புக்குள் குறிகள் இடும் வழக்கத்தைப் பரப்பியது. ஆச்சரியக்குறி என்றால் சரிபார்த்த நற்பிரதி, 'பி' என்றால் சிதைந்த பிரதி, 'ஹெச்' என்றால் மாற்றப்பட்டது, பெரிய 'டி' என்றால் மொழிபெயர்ப்பு. பின்னர் 'நோ-இன்ட்ரோ' குழுவினர் சிதைந்தவற்றைப் பட்டியலிடுவதையே கைவிட்டு, மூலத்தோடு பைட் மாறாமல் ஒத்துப்போகும் பிரதிகளை மட்டும் அவற்றின் சரிபார்ப்பு எண்களோடு அட்டவணைப்படுத்தினர். தம் ஆட்டங்களை ஒழுங்காக வைத்துக்கொள்ள விரும்புவோர் இன்றும் தம் கோப்புகளை அந்த அட்டவணையோடு ஒப்பிட்டே பெயரிடுகின்றனர்.

ஆனால் ஆடுகிறவருக்கு மூலபாடத்தைவிட நெருக்கமானது, தாம் ஆடிச் சேர்த்த நினைவு. எமுலேட்டரில் அது இரண்டு வகையாக நிற்கிறது. கார்ட்ரிட்ஜின் பேட்டரி நினைவகத்தைப் போலச்செய்யும் சேவ் கோப்பு ஒன்று. ஆட்டக்கோப்பின் அதே பெயரைத் தாங்கி அதனருகிலேயே வாழும், ஒன்றின் பெயரை மாற்றி மற்றதை மறந்தால் உறவு அறுந்துவிடும். மற்றது, ஓடிக்கொண்டிருக்கும் கணத்தில் கருவியின் மொத்த நினைவையும் உறையவைக்கும் நிலைப்பதிவு. மூலக் கருவியில் இல்லாத வசதி என்பதால் பலரும் அதிலேயே மயங்கிவிடுகிறார்கள். ஆனால் ஓர் எமுலேட்டரின் நிலைப்பதிவை மற்றொன்று படிக்காது. பல சமயம் அதே எமுலேட்டரின் அடுத்த பதிப்பும் படிக்காது. பழைய நிலைப்பதிவை எழுப்பினால் அதற்குள் உறைந்திருந்த பழைய பேட்டரி நினைவகமும் கூடவே எழுந்து, புதிய சேவ் கோப்பை அழித்தெழுதிவிடவும் கூடும். ஆட்டத்திற்கு உள்ளேயே பதிவு செய்துகொள்வதே நிலைக்கும்.

2001இல் வந்த கேம்பாய் அட்வான்ஸ் இச்சிக்கலை இரட்டிப்பாக்கியது. பழைய கார்ட்ரிட்ஜின் முகப்பில், உள்ளே என்ன சில்லு, பேட்டரி உண்டா என்று சொல்லும் ஒரு பைட் இருந்தது. புதியதில் அந்தத் தகவல் இல்லை. ஐந்து வகைச் சேமிப்பு முறைகள், 512 பைட்டில் தொடங்கி 128 கிலோபைட் வரை. எமுலேட்டர்கள் ஆட்டக்கோப்பின் உள்ளே தேடி, நின்டெண்டோவின் நிரல் நூலகம் விட்டுச்சென்ற பெயர்த் தடங்களைக் கொண்டு ஊகித்தன. 'போக்கிமான் ஃபயர்ரெட்' ஆட்டத்திற்கு 128 கிலோபைட் வேண்டும். எமுலேட்டர் 64 என்று எண்ணியிருந்தால், துணைச் சுற்றுப்பலகை பொருத்தப்படவில்லை என்று ஆட்டம் அறிவித்துவிடும். அமைப்புப் பட்டியலில் ஓர் எண்ணை மாற்றினால் தீரும் குறைதான். அது தெரியாமல் ஆட்டத்தையே கைவிட்டவர்கள் இருந்திருப்பார்கள்.

இந்த ஊக வேலையையே நின்டெண்டோ பின்னர் ஆயுதமாக்கிற்று. பழைய தொலைக்காட்சிக் கருவியின் ஆட்டங்களை 2004இல் அட்வான்ஸுக்காக மறுபதிப்பாக வெளியிட்டபோது, எமுலேட்டர்களைக் காட்டிக்கொடுக்கும் கண்ணிகளை அவற்றுள் புதைத்து வைத்தது. ஒரு வகைச் சேமிப்பு இருப்பதாகத் தடம் காட்டிவிட்டு வேறொன்றைப் பயன்படுத்தும். படங்களுக்கான நினைவகத்தில் நிரலை வைத்து ஓட்டும். செயலி முன்கூட்டியே எடுத்து வைத்திருக்கும் கட்டளையை அதற்குள் மாற்றி எழுதி, எது நடக்கிறது என்று பார்க்கும். உண்மைக் கருவியில் இவற்றுக்கெல்லாம் ஒரே விடைதான். 'எம்ஜிபிஏ' எமுலேட்டரை உருவாக்கிய விக்கி ஃபாவ், 2014இல் இக்கண்ணிகளை ஒவ்வொன்றாக அவிழ்த்து எழுதிய கட்டுரை துப்பறியும் கதையின் சுவையுடையது. இதில் ஒரு விநோதமும் உண்டு: அந்த மறுபதிப்புகளே, பழைய கருவியை அட்வான்ஸுக்குள் போலச்செய்து ஓடியவைதான்!

சட்டத்தைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். பிளேஸ்டேஷன் எமுலேட்டர் தொடர்பாக சோனி தொடுத்த வழக்கில், ஆராய்ச்சிக்காக இடைநிலையில் பிரதி எடுத்தது நியாயமான பயன்பாடே என்று 2000இல் அமெரிக்க மேல்முறையீட்டு நீதிமன்றம் கனெக்டிக்ஸ் நிறுவனத்தின் பக்கம் நின்றது. எமுலேட்டர் வேறு, அதில் ஓடும் ஆட்டக்கோப்பு வேறு. பின்னதன் பதிப்புரிமையை இத்தீர்ப்பு தொடவில்லை. ஆப்பிள் நிறுவனம் பல்லாண்டுகள் தன் கடையில் எமுலேட்டர்களை அனுமதிக்காமல் இருந்து, 2024 ஏப்ரலில் விதியைத் தளர்த்தியது. அம்மாதமே 'டெல்டா' வந்தது. அதற்கு முந்தைய மாதம்தான், ஸ்விட்ச் கருவியின் எமுலேட்டரான யூஸூவை உருவாக்கியோர் நின்டெண்டோவுக்கு 24 லட்சம் டாலர் தர ஒப்புக்கொண்டு அதனை மூடினர். நடப்பில் விற்பனையில் உள்ள கருவிக்கும் கைவிடப்பட்ட கருவிக்கும் இடையே நாம் வேறுபாடு பார்க்கிறோம். சட்டம் அவ்வளவு தெளிவாகப் பார்ப்பதில்லை.

கைவிடப்பட்டதன் அளவைக் காட்ட ஓர் எண் உண்டு. 2010க்கு முன் அமெரிக்காவில் வெளிவந்த ஆட்டங்களில் 87 சதவீதம் இன்று விற்பனையில் கிடைப்பதில்லை என்று வீடியோ கேம் ஹிஸ்டரி ஃபவுண்டேஷன் 2023இல் தன் ஆய்வை வெளியிட்டது. அதே ஆண்டு மார்ச்சில்தான், பழைய கேம்பாய் ஆட்டங்களை விற்றுவந்த 3டிஎஸ் கருவியின் இணையக் கடையையும் நின்டெண்டோ மூடியது.

இலக்கிய வாசகர்களுக்கு ஓர் ஆட்டத்தைக் குறிப்பாகச் சொல்லலாம். 'மதர் 3' 2006 ஏப்ரலில் அட்வான்ஸுக்காக ஜப்பானில் மட்டும் வந்தது. எழுதியவர் ஷிகெசாதோ இதோய், அங்கே விளம்பர வாசகங்களுக்கும் கட்டுரைகளுக்கும் புகழ்பெற்ற எழுத்தாளர். குடும்பமும் இழப்பும் பணம் நுழைந்து குலைக்கும் ஒரு சிற்றூரும் அதன் பொருள். ஆங்கிலப் பதிப்பு வராதென்று தெளிந்தபின், தொழில்முறை மொழிபெயர்ப்பாளர் கிளைட் மாண்டலின் தலைமையில் ரசிகர்கள் ஊதியமின்றி மொழிபெயர்த்து 2008 அக்டோபரில் வெளியிட்டனர். அவர்கள் கொடுத்தது ஆட்டத்தை அன்று. மூலத்தில் எங்கெங்கே என்னென்ன மாற வேண்டும் என்ற ஒட்டுக்கோப்பை மட்டும். மூலக்கோப்பு பைட் பிசகாமல் சரியான பிரதியாய் இருந்தால்தான் ஒட்டு பொருந்தும். மேலே சொன்ன பாடபேத ஆராய்ச்சியின் பயன் இங்கே தெரியும். 2024 பிப்ரவரியில் நின்டெண்டோ தன் சந்தாச் சேவையில் இவ்வாட்டத்தைச் சேர்த்தபோதும், அது ஜப்பானுக்கு மட்டுமே.

இனி அந்தப் பேட்டரி. 1999இல் வந்த 'போக்கிமான் கோல்டு', 'சில்வர்' கார்ட்ரிட்ஜுகளில் நினைவகத்தையும் உள்ளே ஓடும் கடிகாரத்தையும் ஒரே பேட்டரி தாங்கியது. ஆகவே தன் முன்னோரைவிட விரைவில் வறண்டது. அது வறளும் நாளில் சேமிப்பும் போகும். பேட்டரி தகட்டோடு பற்றவைக்கப்பட்டிருப்பதால் மாற்றுவதற்குக் கழற்ற வேண்டும், கழற்றினாலும் சேமிப்பு போகும். எனவே கைப்பழக்கமுள்ளோர் முதலில் கார்ட்ரிட்ஜைப் படிகருவியில் செருகிச் சேமிப்பைக் கோப்பாக எடுக்கின்றனர். அதனை எமுலேட்டரில் திறந்து, பெயரும் ஊரும் வளர்த்த உயிர்களும் அப்படியே இருக்கின்றனவா என்று பார்த்துக்கொள்கின்றனர். பிறகே பற்றுக்கோலைச் சூடாக்கிப் பழையதை எடுத்துப் புதியதை வைத்து, கோப்பை மறுபடி கார்ட்ரிட்ஜுக்குள் எழுதிவிடுகின்றனர்.