மூட்டையும் மிராசும்: செங்கல்பட்டுச் சுமைக்கூலி வழக்குகளை எப்படி வாசிப்பது?

செங்கல்பட்டுக் கடைத்தெருவில் ஓர் அரிசி லாரி வந்து நிற்கிறது என்று வைத்துக்கொள்வோம். தார்ப்பாயை அவிழ்ப்பதற்குள் மேஸ்திரி வந்துவிடுவார். பின்னால், துண்டைச் சுருட்டிச் சும்மாடு கட்டிய நான்கு பேர். கடைப் பையன்களே இறக்கிக்கொள்வார்கள் என்பார் வியாபாரி. இந்தத் தெருவில் சங்கத்து ஆளைத் தவிர வேறு யாரும் மூட்டையைத் தொடக்கூடாது என்பார் மேஸ்திரி. மாமல்லபுரம் பக்கம், கிழக்குக் கடற்கரைச் சாலையில் எழும்பும் விடுதிக்கு டைல்ஸ் லோடு வந்தாலும் பேச்சு இதேதான். முற்றினால் விஷயம் உயர் நீதிமன்றத்துக்குப் போகும். ஆனால் கூலித் தகராறாக அல்ல, அரசியலமைப்பின் 226ஆம் உறுப்பின்கீழ் போலீஸ் பாதுகாப்புக் கேட்கும் ரிட் மனுவாக. தொழிலாளர் சட்டம் பேச வேண்டிய இடத்தில் சட்டம் ஒழுங்கு பேசத் தொடங்கிவிடுகிறது.

காரணம், முதலாளி யார் என்ற கேள்விக்கு விடை இல்லாததுதான். இறக்குக்கூலி லாரி வாடகையில் அடக்கம், இவர்களுக்கும் எனக்கும் ஒப்பந்தம் ஏதுமில்லை என்கிறார் வியாபாரி. சரக்கு என்னுடையதா என்று கேட்கிறார் லாரிக்காரர். 1978இல், கோழிக்கோட்டுக் கயிற்று ஆலை ஒன்றைப் பற்றிய ஹுசைன்பாய் வழக்கில் உச்ச நீதிமன்ற நீதிபதி வி.ஆர். கிருஷ்ணய்யர் இந்த முடிச்சை அவிழ்த்துப் பார்த்தார்: நடுவில் காண்ட்ராக்டர் இருந்தாலும், யாருடைய வியாபாரத்துக்காக உழைப்பு நடக்கிறதோ, யாருடைய கையில் தொழிலாளியின் பிழைப்பு இருக்கிறதோ அவரே முதலாளி. அது ஒரே ஆலை. அங்கே விரல் நீட்ட ஓர் ஆள் இருந்தார். நாற்பது கடைக்கு ஒரே குழு மூட்டை சுமக்கும் தெருவில் அந்த அளவுகோல் பாதிதான் எட்டும்.

தொழில் தகராறு நீதிமன்ற ஆணையாக மாறும் இந்தச் சிக்கலுக்கு நம் பக்கத்திலேயே ஒரு முன்கதை உண்டு. 1920இல் பக்கிங்ஹாம் ஆலைத் தகராறின்போது, ஆலையை நடத்திய பின்னி நிறுவனம் சென்னை உயர் நீதிமன்றத்துக்குப் போய், சென்னைத் தொழிலாளர் சங்கத்தின் பி.பி. வாடியா உள்ளிட்டோருக்கு எதிராகத் தடையாணை வாங்கியது. வேலை ஒப்பந்தத்தை மீறத் தொழிலாளரைத் தூண்டினார்கள் என்பது குற்றச்சாட்டு. அந்த அதிர்ச்சியில் தொழிற்சங்கத் தலைவர் என்.எம். ஜோஷி 1921இல் மத்திய சட்டசபையில் தீர்மானம் கொண்டுவந்தார். 1926இல் தொழிற்சங்கச் சட்டம் பிறந்தது. அதன் 18ஆம் பிரிவு, தொழில் தகராறையொட்டிப் பிறர் வியாபாரத்தில் குறுக்கிட்டது என்ற ஒரே காரணத்துக்காகச் சங்கத்தின்மேல் சிவில் வழக்குத் தொடர முடியாது என்றது. அதைவிட முக்கியமானது, 'தொழிலாளி' என்பதற்கு அது தந்த விளக்கம்: தகராறுக்குள்ளான முதலாளியிடம் வேலை பார்ப்பவராக இருந்தாலும் சரி, இல்லாவிட்டாலும் சரி. மேஸ்திரியின் ஆட்கள் அந்தச் சொற்களுக்குள் தாராளமாக அடங்குவார்கள். (லாரியை மறித்து டிரைவரை மிரட்டுவது அடங்காது, அது வேறு.) 1926 சட்டம் இப்போது 2020ஆம் ஆண்டின் தொழிலுறவுச் சட்டத்தொகுப்புக்குள் கரைந்துவிட்டது. ஆனால் தடையாணையிலிருந்து அது பிறந்த வரலாறு ரிட் மனுக்களை வாசிக்க இன்றும் உதவும்.

மேஸ்திரியின் சங்கம் கேட்பது ஒப்பந்த உரிமையை அல்ல, இடத்தின் உரிமையை. செங்கல்பட்டுக்கு இது புதிதா என்ன? இடம்சார்ந்த பாத்தியதையைப் பற்றிக் கிழக்கிந்தியக் கும்பினி அதிகாரிகள் தலையைப் பிய்த்துக்கொண்ட சீமை இது. அவர்களில் ஒருவரான எல்லிஸ், மிராசு எனும் பரம்பரை நில உரிமை பற்றி எழுதிய பதில்கள் 1818இல் அச்சேறின. பாயக்காரி எனப்பட்ட வெளிக்குடி உழுது விளைவித்தாலும், மிராசுதாருக்குத் துண்டுவாரம் போய்ச் சேரும். ஏர் பிடிக்காமல் வரும் பங்கு அது. ஆனாலும் அதை யாரும் அடாவடி என்று எழுதிவைக்கவில்லை, உரிமை என்றே விவாதித்தார்கள். அதே சாயலில் மூட்டையைத் தொடாமல் கூலி கேட்கும் கேரள 'நோக்குகூலி'யை அந்த மாநில அரசு 2018 மே 1 முதல் தடை செய்தது. தடை சரியே என்பதுதான் என் கருத்தும். என் கேள்வி வேறு: நிலம் வைத்திருந்தவனின் இடப்பாத்தியதைக்கு ஏடும் கணக்கும் கிடைத்தன, சும்மாடு வைத்திருப்பவனின் பாத்தியதை ஏன் காவல் நிலைய நாட்குறிப்பில் மட்டும் பதிவாகிறது?

மராட்டியம் வேறு வழியில் போனது. 1969ஆம் ஆண்டின் மாத்தாடிச் சட்டப்படி வியாபாரியும் சுமையாளும் ஒரே வாரியத்தில் பதிவாகிறார்கள். கூலியையும் அதன்மேல் லெவியையும் வியாபாரி வாரியத்தில் கட்டுகிறார். வாரியம் தொழிலாளிக்குப் பட்டுவாடா செய்கிறது. முதலாளி யார் என்று தேடும் வேலையே அங்கே இல்லை, தெருவே முதலாளி. தமிழ்நாடும் 1982இல் உடலுழைப்புத் தொழிலாளர் சட்டத்தை இயற்றியது. ஆனால் அதன்கீழ் 1999இல் வந்த நல வாரியம் கல்வி, திருமணம், இறப்பு என உதவித்தொகை வழங்கும் இடமாக அமைந்தது. கூலிப் பட்டுவாடா அதன் கைக்கு வரவேயில்லை. உதவித்தொகையைக் குறைத்து மதிப்பிடவில்லை. ஆனால் அது வியாபாரியை வாரியத்தின் மேசைக்குக் கொண்டுவரவில்லை.

இங்கும் அப்படி லெவி வசூலித்தால், எந்த மூட்டை எந்தக் கடைக்குப் போனது என்று யார் கணக்கு வைப்பது என வியாபாரிகள் தரப்பில் கேட்கலாம். கணக்கு ஏற்கெனவே இருக்கிறது. இறக்கி முடித்ததும் மேஸ்திரி சட்டைப்பையிலிருந்து ஒரு சின்ன நோட்டை எடுக்கிறார். கடைப்பெயர், மூட்டை எண்ணிக்கை, கூலி என்று மூன்று பத்தி. லெவி போட வாரியத்துக்கு வேண்டியதும் அந்த மூன்றுதான்.