பப்ஜி மொபைல் ‘கஸ்டம் ரூம்’: சொந்தப் போட்டி நடத்துவோர் தெரிந்திருக்க வேண்டியவை

தீபாவளி ஒன்றுகூடல், பொங்கல் விழா, பல்கலைக்கழக இந்திய மாணவர்களின் விளையாட்டு வாரம் என்று வந்துவிட்டால் காற்பந்து, கபடி, கேரம் ஆகியவற்றோடு கைப்பேசி விளையாட்டும் நிகழ்ச்சிநிரலில் இடம்பெறுவது இப்போது புதுமை இல்லை. அவற்றுள் பப்ஜி மொபைல், ஃபிரீ ஃபயர் போன்ற ‘பேட்டல் ராயல்’ ஆட்டங்களை நடத்துவதுதான் ஏற்பாட்டாளர்களுக்குக் கூடுதல் தலைவலி. காற்பந்தில் ஒரே நேரத்தில் இரண்டு குழுக்கள்தான் திடலில் இருக்கும். இங்கோ பதினாறு, இருபது குழுக்கள் ஒரே வரைபடத்தில் இறங்குகின்றன. நடுவர் கண்ணுக்கு எல்லாரும் ஒருசேரத் தெரியமாட்டார்கள்.

வழக்கமான ஆட்டத்தில் யார் யாரோடு மோதுவது என்பதை நிறுவனத்தின் கணினியே முடிவு செய்கிறது. ‘கஸ்டம் ரூம்’ எனப்படும் தனி அறையில் அந்த அதிகாரம் அறையைத் திறப்பவரின் கைக்கு வருகிறது. வரைபடம், நேரம், ஆயுதங்கள், யார் உள்ளே வரலாம், யாரை வெளியேற்றலாம் என அனைத்தும் அவர் சொல்வதுதான். இந்த அறையில் எடுக்கும் புள்ளிகள் ஆட்டக்காரரின் தரநிலையைக் கூட்டுவதும் இல்லை, குறைப்பதும் இல்லை. ஆகவே கிடைக்கும் முடிவுக்கு மதிப்பு இருக்கிறதா இல்லையா என்பது, அதை நடத்தியவர்மீது மற்றவர்களுக்கு இருக்கும் நம்பிக்கையைப் பொறுத்தது.

எங்கிருந்து வந்தது?

‘பேட்டல் ராயல்’ என்ற பெயரைத் தந்தது 2000ஆம் ஆண்டு வெளிவந்த ஜப்பானியத் திரைப்படம். ஒரு தீவில் விடப்படும் பள்ளி மாணவர்களில் ஒருவர் மட்டுமே மிஞ்ச வேண்டும் என்பது கதை. அயர்லாந்தைச் சேர்ந்த பிரெண்டன் கிரீன், ‘ஆர்மா’ என்ற கணினிப் போர் விளையாட்டில் தாமே செய்த மாற்றங்களின் வழி இந்தக் கருவை இயங்கலை ஆட்டமாக்கினார். ‘பிளேயர்அன்நோன்’ என்பது அவர் விளையாட்டுக்கு வைத்துக்கொண்ட பெயர். பப்ஜி என்ற சுருக்கத்தின் முதல் எழுத்து அதுதான். கணினிப் பதிப்பு 2017இலும் கைப்பேசிப் பதிப்பு 2018 மார்ச்சிலும் வந்தன. சிங்கப்பூரைத் தளமாகக் கொண்ட கரேனா நிறுவனத்தின் ஃபிரீ ஃபயர் 2017ஆம் ஆண்டின் இறுதியில் வெளியானது. 2022 மே மாதம் வியட்நாமில் நடைபெற்ற 31ஆவது சீ விளையாட்டுப் போட்டியில் இவ்விரண்டுமே பதக்கத்துக்குரிய ஆட்டங்களாக இருந்தன.

அறையும் வரைபடமும்

அறை திறப்பதற்கு ‘ரூம் கார்டு’ என்ற அட்டையைக் கேட்பது இந்த ஆட்டங்களில் நெடுநாள் வழக்கம். அதன் விலையும் அது கிடைக்கும் வழியும் அவ்வப்போது மாறும். போட்டி நாளன்று அட்டையைத் தேடி அலைவதைவிட, சில நாள்களுக்கு முன்பே வாங்கி, நான்கு நண்பர்களை வைத்து ஒருமுறை அறையைத் திறந்து பார்த்துவிடுவது நல்லது.

பப்ஜி மொபைலின் பெரிய வரைபடங்களில் 100 பேர் வரை இறங்கலாம். நால்வர் கொண்ட குழுக்களாகப் பிரித்தால் 25 குழுக்கள். ஆனால் தொழில்முறைப் போட்டிகளில் 16 குழுக்களே, அதாவது 64 பேரே, ஆடுகின்றனர். ஃபிரீ ஃபயரில் 12 குழுக்கள், 48 பேர். இடம் இருக்கிறதே என்று 25 குழுக்களைச் சேர்க்கும் ஏற்பாட்டாளர், கடைசியில் ஆளைக் கணக்கெடுப்பதிலேயே களைத்துப்போவார்.

ஆள் குறைவாக இருந்தால் வரைபடத்தையும் சிறியதாக எடுக்க வேண்டும். எராங்கல், மிராமார் இரண்டும் எட்டுக்கு எட்டு கிலோமீட்டர் பரப்புள்ளவை. சன்ஹோக் நான்குக்கு நான்கு, லிவிக் இரண்டுக்கு இரண்டு. இருபது பேரை எராங்கலில் இறக்கிவிட்டால், பாதி ஆட்டம் முடியும்வரை ஒருவரையொருவர் பார்க்காமல் புல்வெளியில் ஓடிக்கொண்டிருப்பார்கள். எட்டுப் பேர்தான் வந்தார்கள் என்றால் பேட்டல் ராயலை விட்டுவிட்டு, நால்வருக்கு நால்வர் மோதும் ஆட்டமுறைக்கு மாறிவிடலாம். ஃபிரீ ஃபயரில் ‘கிளாஷ் ஸ்குவாட்’ இதற்கென்றே இருக்கிறது.

அமைப்புகளில் கைவைக்கும்போது அடக்கம் தேவை. ஆயுதம் கிடைக்கும் அளவு, பாதுகாப்பு வட்டம் சுருங்கும் வேகம், வாகனங்கள் போன்றவற்றை மாற்ற முடியும். குண்டுமழை பொழியும் சிவப்பு மண்டலத்தை நீக்குவது பெரிய போட்டிகளிலும் உள்ள வழக்கம். திறமையாக ஆடும் ஒருவரைத் தற்செயலாக விழும் குண்டு வெளியேற்றுவதை யாரும் விரும்புவதில்லை. எதை மாற்றினாலும் குழுத் தலைவர்களுக்கு முதல்நாளே எழுத்தில் தெரிவித்துவிட வேண்டும். ஆட்டம் தொடங்கிய பிறகு மாற்றம் தெரியவந்தால், தோற்றவர்கள் அதைத்தான் காரணமாகச் சொல்வார்கள்.

கடவுச்சொல், அடையாள எண்

அறைக்கு ஓர் எண்ணும் கடவுச்சொல்லும் உண்டு. ஆட்டம் தொடங்க 10, 15 நிமிடங்கள் இருக்கும்போது குழுத் தலைவர்கள் மட்டுமே உள்ள புலனக் குழுவில் அவற்றைப் பகிர்வது போதும். காலையிலேயே பொதுக் குழுவில் போட்டுவிட்டால் மாலைக்குள் அது எங்கெங்கோ போய்ச் சேர்ந்திருக்கும். அழைக்கப்படாதவர்கள் இடத்தைப் பிடித்துக்கொள்ள, பதிவுசெய்த குழு வெளியே நிற்கும். எந்தக் குழுவுக்கு எந்த இட எண் என்ற பட்டியலையும் அப்போதே அனுப்பிவிட்டால், பட்டியலில் இல்லாதவரை அடையாளம் கண்டு வெளியேற்றுவது சுலபம்.

பெயரை நம்பிப் பதிவுசெய்யக் கூடாது. ஆட்டத்தில் பெயரை மாற்றிக்கொள்ளலாம். கணக்கின் அடையாள எண் மாறாது. வட்டாரப் போட்டிகளில் அதிகம் நடக்கும் தில்லுமுல்லு, பதிவுசெய்த ஆட்டக்காரரின் பெயரோடு வேறொரு கைதேர்ந்தவரை உள்ளே அனுப்புவது. பதிவின்போதே அடையாள எண்ணை வாங்கி வைத்திருந்தால் இதைக் கண்டுபிடித்துவிடலாம். ஒருவரின் கணக்கிலேயே வேறொருவர் ஆடினால் எண்ணாலும் பயனில்லை. பரிசு பெரிதாக இருக்கும் போட்டிகளில் ஆட்டக்காரரின் கையும் கைப்பேசியும் தெரியும்படி காணொளிப் பதிவு கேட்பது அதனால்தான்.

கணினியில் ‘எமுலேட்டர்’ வழி ஆடுவோருக்குச் சுட்டியும் விசைப்பலகையும் கூடுதல் பலம். ஐபேட் போன்ற பலகைக் கருவிகளில் திரையின் வடிவம் வேறு என்பதால் மேலும் கீழும் சற்று அதிகம் தெரியும். இவற்றை அனுமதிப்பதா வேண்டாமா என்பது ஏற்பாட்டாளரின் முடிவு. ஆனால் பதிவுப் பாரத்திலேயே அதைச் சொல்லிவிட வேண்டும்.

பார்வையாளர் இருக்கை

தனி அறையில் ஆடாமல் பார்ப்பதற்கென்று சில இருக்கைகள் உண்டு. நேரலையாகக் காட்டுவதற்கும் நடுவர் கண்காணிப்பதற்கும் அவை பயன்படுகின்றன. அங்கே அமர்பவருக்கு எந்தக் குழு எந்த வீட்டுக்குள் பதுங்கியிருக்கிறது, யாருக்கு உயிர் எவ்வளவு மிச்சம் இருக்கிறது என்பதெல்லாம் அந்தந்த நொடியிலேயே தெரியும். பேட்டல் ராயலில் துப்பாக்கியைவிட மதிப்புள்ளது எதிரி இருக்கும் இடம். அதை ஒரு குழுவின் காதில் சொல்லிவிட்டால் ஆட்டம் அங்கேயே முடிந்தது.

அப்படிச் சொல்வதற்குப் பெரிய சதி எதுவும் தேவையில்லை. பார்ப்பவர் தம் தம்பியின் குழுவோடு வேறொரு செயலியில் பேசிக்கொண்டிருந்தாலே போதும். ‘அந்தப் பக்கம் போகாதே’ என்ற ஒரு சொல்லில் காரியம் முடிந்துவிடும். வெளியில் தெரியவும் தெரியாது. பரிசு உள்ள போட்டியில் பார்வையாளர் இருக்கை, ஆடும் எந்தக் குழுவுக்கும் உறவோ நட்போ இல்லாத ஓரிருவருக்கு மட்டுமே தரப்பட வேண்டும். குறிப்பாக, ஆட்டத்தில் முதலில் வெளியேறிய குழுவினரை ‘சும்மா பார்க்கட்டுமே’ என்று பார்வையாளராக்குவது கூடாது.

வலையொளியிலோ முகநூலிலோ நேரலை போனால் சில நிமிடத் தாமதத்தோடு ஒளிபரப்ப வேண்டும். நேரலை மென்பொருள்களில் அதற்கு வசதி உண்டு. தாமதம் இல்லாவிட்டால், ஒரு கையில் ஆட்டமும் மறு கையில் நேரலையுமாக எதிரியின் இடத்தைப் பார்த்துக்கொண்டே ஆட முடியும். பார்வையாளர்களின் கருத்துகளுக்கு உடனுக்குடன் பதில் சொல்ல முடியவில்லையே என்று நேரலைக்காரர்கள் குறைப்படுவது உண்டு. அந்தக் குறை இருந்துவிட்டுப் போகட்டும்.

ஏற்பாட்டாளரே ஒரு குழுவில் சேர்ந்து ஆடலாமா? நண்பர்களுக்குள் பொழுதுபோக்குக்கு என்றால் தாராளமாக ஆடலாம். பரிசு என்று ஒன்று வந்துவிட்டால் ஆடாமல் இருப்பதே முறை. ஆடிக்கொண்டே புகாரை விசாரிக்க முடியாது. அவர் குழு வென்றால் அந்த வெற்றியை யாரும் நம்பப்போவதும் இல்லை.

புள்ளியும் சான்றும்

பப்ஜி மொபைலின் தொழில்முறைப் போட்டிகளில் இப்போதுள்ள முறைப்படி முதலிடத்துக்கு 10, அடுத்து வரும் இடங்களுக்கு முறையே 6, 5, 4, 3, 2 புள்ளிகள். ஏழாம், எட்டாம் இடங்களுக்குத் தலா 1. அதற்கும் கீழே புள்ளி இல்லை. வீழ்த்தும் ஒவ்வோர் எதிரிக்கும் 1 புள்ளி. ஃபிரீ ஃபயரில் முதலிடத்துக்கு 12, இரண்டாமிடத்துக்கு 9, பிறகு ஒவ்வொன்றாகக் குறைந்து பத்தாமிடத்துக்கு 1.

இந்த எண்கள் ஆட்டத்தின் போக்கையே மாற்றக்கூடியவை. முதல் முறையில், இரண்டே பேரை வீழ்த்தி முதலிடம் பிடித்த குழுவுக்கு 12 புள்ளிகள். ஒன்பது பேரை வீழ்த்தி ஐந்தாமிடத்தில் வெளியேறிய குழுவுக்கும் அதே 12 தான். ஒளிந்தே காலம் தள்ளுவோருக்கும் கண்மூடித்தனமாகப் பாய்வோருக்கும் இடையில் ஒரு சமநிலை இதனால் கிடைக்கிறது. இடத்துக்கு மட்டும் புள்ளி தந்தால் பாதிக் குழுக்கள் கடைசிவரை புதருக்குள்தான் இருக்கும். மொத்தப் புள்ளிகள் சமமானால் யார் முன்னே என்பதையும் முன்கூட்டியே முடிவு செய்ய வேண்டும். அதிக ஆட்டங்களில் முதலிடம் பெற்ற குழுவை முன்வைப்பது பரவலான வழக்கம்.

ஆட்டம் முடிந்ததும் வரும் முடிவுத் திரையை முழுமையாக ஸ்கிரீன்ஷாட் எடுத்துவிட வேண்டும். பட்டியல் நீளமாக இருக்கும் என்பதால் ஒரு படம் போதாது. ஒருவர் எடுக்கத் தவறினாலும் மற்றவரிடம் இருக்கும்படி இருவர் எடுப்பது பாதுகாப்பு. இணையத் துண்டிப்புக்கும் விதி எழுதி வைக்க வேண்டும். முதல் ஆள் வீழும் முன் ஒரு குழு முழுவதும் துண்டிக்கப்பட்டால் ஆட்டத்தை மீண்டும் தொடங்கலாம், அதற்குப் பிறகு என்றால் தொடர வேண்டியதுதான் என்பது போன்ற தெளிவான கோடு இருந்தால் வாக்குவாதம் நீளாது.

பணம் வரும் இடம்

சிக்கல் பெரிதாவது இங்கேதான். குழுவுக்கு 20 ரிங்கிட் வீதம் 16 குழுக்களிடம் வாங்கினால் 320 ரிங்கிட். அதையே திரட்டி வென்றவருக்குப் பரிசாகத் தருவது பார்ப்பதற்கு எளிய ஏற்பாடாகத் தெரியும். மலேசியாவின் 1953ஆம் ஆண்டு பொதுச் சூதாட்ட விடுதிகள் சட்டமோ, அதிர்ஷ்ட விளையாட்டோடு நிற்கவில்லை. அதிர்ஷ்டமும் திறனும் கலந்த விளையாட்டைப் பணத்துக்காக ஆடுவதையும் சூதாட்டம் என்ற வரையறைக்குள் வைக்கிறது. சிங்கப்பூரின் 2022ஆம் ஆண்டு சூதாட்டக் கட்டுப்பாட்டுச் சட்டமும் இந்தக் கலப்பைக் கணக்கில் கொள்கிறது. பேட்டல் ராயலில் எந்த வீட்டில் என்ன துப்பாக்கி கிடக்கும், வட்டம் எந்தப் பக்கம் சுருங்கும் என்பவை ஆட்டக்காரரின் கையில் இல்லை. முழுக்க முழுக்கத் திறன் சார்ந்த விளையாட்டு என்று அடித்துச் சொல்வது கடினம்.

ஆகவே கட்டணம் வாங்காமல், பரிசை மன்றத்தின் நிதியிலிருந்தோ வட்டாரக் கடைக்காரர், நிறுவனம் போன்ற ஆதரவாளரிடமிருந்தோ பெறுவதே கவலையற்ற வழி. கட்டணம் வாங்கியே தீர வேண்டுமென்றால் முன்கூட்டியே வழக்கறிஞர் ஒருவரைக் கேட்டுக்கொள்வது நல்லது. யார் வெல்வார் என்று வெளியாள்கள் பந்தயம் கட்டும் புலனக் குழுக்களோடு போட்டிக்கு எந்தத் தொடர்பும் இருக்கக் கூடாது.

கட்டணத்தை மின்பணப்பை வழி வாங்கிக்கொண்டு, போட்டி நாளன்று அறையையே திறக்காமல் மறைந்துவிடும் ஏமாற்றுக்காரர்களும் உண்டு. தொகை சிறியது என்பதால் பலர் காவல்துறைக்குப் போவதில்லை. முகம் தெரியாத ஏற்பாட்டாளரின் போட்டியில் சேரும் முன், அவர் ஏற்கெனவே நடத்திய போட்டியில் பரிசு வாங்கிய ஒருவரிடமாவது விசாரிப்பது நல்லது.

நேரம், வயது, உறவினர்

எராங்கலில் ஓர் ஆட்டம் ஏறக்குறைய அரை மணி நேரம். இடைவெளியையும் ஆள் சேரும் நேரத்தையும் கூட்டினால் நான்கு ஆட்டங்களுக்கு மூன்று மணி நேரம் வேண்டும். இரவு மணி 9.00க்குத் தொடங்கினால் நள்ளிரவாகிவிடும். பள்ளி மாணவர்கள் ஆடும் போட்டி என்றால் மாலையிலேயே தொடங்கி மூன்று ஆட்டங்களோடு நிறுத்திக்கொள்ளலாம். எஸ்பிஎம் தேர்வுக் காலத்தைத் தவிர்த்துவிட வேண்டும். வயது குறைந்தவர்களிடம் பெற்றோரின் ஒப்புதலை எழுத்தில் வாங்குவதும், குரல் உரையாடலில் கெட்ட வார்த்தைக்கு என்ன தண்டனை என்பதை முன்பே சொல்லிவிடுவதும் ஏற்பாட்டாளருக்குத்தான் பாதுகாப்பு.

தமிழ்நாட்டில் இருக்கும் மாமா மகனையும் குழுவில் சேர்த்துக்கொள்ளலாமா என்ற கேள்வி அடிக்கடி எழும். இந்தியாவில் பப்ஜி மொபைல் 2020 செப்டம்பரில் தடைசெய்யப்பட்டது. அதற்குப் பதிலாக 2021இல் அங்கு வந்த ‘பேட்டல்கிரவுண்ட்ஸ் மொபைல் இந்தியா’ தனி விளையாட்டு. அதிலிருந்து இங்குள்ள அறைக்குள் வர முடியாது.