இரண்டு பாறைகளும் ஒரு கிரகமும்

வறுமை கலையைச் சிருஷ்டிக்கும் என்பதில் எனக்கு நம்பிக்கையில்லை. பணமில்லாமல் எடுக்கப்பட்ட படங்களில் பெரும்பாலானவை மோசமான படங்கள், அவ்வளவுதான். கைக்காசு போட்டு முந்நூறு பிரதிகள் அச்சடித்துவிட்டு, அந்த இல்லாமையையே ஒரு தகுதியாகப் பாவித்துக்கொள்ளும் நமக்கு இதை அடிக்கடி நினைவூட்டிக்கொள்ள வேண்டியிருக்கிறது. இருந்தும், என்னுடைய இந்த அபிப்ராயத்தைத் தொந்தரவு செய்கிற படம் ஒன்று உண்டு. 1965ல் மரியோ பாவா ரோமில் எடுத்த 'டெர்ரோரே நெல்லோ ஸ்பாட்ஸியோ'. 'விண்வெளியில் பயங்கரம்' என்று பொருள்.

அதை நான் முதலில் பார்த்தது ஒரு தேய்ந்த வீடியோ நாடாவில், ஆங்கிலப் பேச்சுடன். பாதியிலேயே எழுந்துவிட்டேன். உதடுகள் ஒன்றைச் சொல்ல, குரல் வேறொன்றைச் சொல்லிற்று. திரை முழுக்கப் புகை. 2016ல் கான் விழாவில் புதுப்பித்த பிரதி காட்டப்பட்டதற்குப் பிறகு மறுபடி பார்க்க வாய்த்தது. எதைக் குறையென்று ஒதுக்கினேனோ அதுவேதான் படம் என்று அப்போது பட்டது.

1958ல் வெளியான 'ஹெர்குலிஸ்' படத்துக்குக் காமிரா பாவாதான். அதன் வெற்றிக்குப்பின் ரோம் ஸ்டூடியோக்களில் புராண வீரர் படங்கள் வரிசையாக வந்தன. அறுபதுகளின் நடுவில் அந்த அலை ஓய்ந்தது. செட் சாமான்கள் மிஞ்சின. இந்தச் சமயத்தில்தான் தயாரிப்பாளர் ஃபுல்வியோ லுச்சிசானோ, மலிவுப் படங்களுக்குப் பேர்போன அமெரிக்கன் இன்டர்நேஷனல் பிக்சர்ஸ், ஒரு ஸ்பானியக் கம்பெனி ஆகிய மூவரும் கூட்டுச் சேர்ந்தனர். கதை ரெனாட்டோ பெஸ்திரினியரோ 1960ல் ஒரு இத்தாலிய விஞ்ஞானக் கதைப் பத்திரிகையில் எழுதிய 'இருபத்தொரு மணிநேர இரவு'. திரைக்கதையில் பலர் கைவைத்தார்கள். அவர்களில் ஒருவர் கவிஞரும் நாவலாசிரியருமான ஆல்பெர்த்தோ பெவிலாக்குவா.

கிரகத்தை நிர்மாணிக்கப் பாவாவுக்குக் கிடைத்தவை ஒரு காலி மேடையும், ஏதோ புராணப் படத்தில் மிஞ்சிப்போன இரண்டு பிளாஸ்டிக் பாறைகளும். இதை அவரே பின்னாளில் கேலியாகச் சொல்லியிருக்கிறார். அந்த இரண்டைக் கண்ணாடிகளில் பிரதிபலிக்கச் செய்தும், ஒரே ஃபிலிமில் திரும்பத் திரும்பப் பதித்தும் பெருக்கினார். கண்ணாடியில் ஒரு பகுதி ரசத்தைச் சுரண்டிவிட்டு, காமிராவுக்கு முன் சாய்த்து வைப்பது ஒரு பழைய முறை. சுரண்டிய இடத்தின் வழியே நடிகர் தெரிவார். மீதி இடத்தில் மேஜைமேல் வைத்த சிறு மாதிரி மலை பிரதிபலிக்கும். இரண்டும் ஒரே நிலப்பரப்பாகிவிடும். 1927ல் 'மெட்ரோபோலிஸ்' படத்தில் ஃபிரிட்ஸ் லாங் கையாண்ட முறை இது. ஒட்டுகள் தெரியாதிருக்கப் புகை. புகையின்மேல் சிவப்பும் பச்சையும் நீலமுமாக விளக்குகள்.

இங்கே பட்ஜெட்டில் எழுதப்படாத ஒரு செலவு இருக்கிறது. பாவாவின் தகப்பனார் யூஜெனியோ ஒரு சிற்பி. மௌனப்பட காலத்திலேயே காமிராவுக்கும் தந்திரக் காட்சிகளுக்கும் போனவர். மகனும் முதலில் ஓவியம் பயின்று, பிறகு ஏறக்குறைய இருபது வருஷம் மற்றவர்களின் படங்களுக்கு ஒளியமைத்துவிட்டு, 1960ல்தான் தன் பெயரில் டைரக்ட் செய்தார். இரண்டு தலைமுறைகள் சேர்த்த கைத்தொழில்தான் இந்தப் படத்தின் உண்மையான மூலதனம். புகை போட யாராலும் முடியும்.

கதைக்கு வருவோம். ஆரா என்ற கிரகத்திலிருந்து வரும் அழைப்புக்காக இரண்டு கப்பல்கள் இறங்குகின்றன. அக்கிரகவாசிகள் உடலற்றவர்கள். செத்துப்போன மாலுமிகளின் உடல்களில் புகுந்து எழுகிறார்கள். புதைகுழியிலிருந்து, சுற்றிய பிளாஸ்டிக் உறையைக் கிழித்துக்கொண்டு அவர்கள் எழும் காட்சியில் சப்தம் இல்லாத ஒரு நிதானம் இருக்கிறது. படம் உருவான விதமும் அதுதானே? தனக்கென்று ஓர் உடலில்லாமல், செத்துப்போன ஒரு படவகையின் பாறைகளுக்குள் அது புகுந்துகொண்டது. அமெரிக்கரான பாரி சல்லிவன், பிரேசில்காரியான நார்மா பெங்கெல், ஸ்பானியரான ஆங்ஹெல் அராந்தா எல்லோரும் அவரவர் பாஷையில் பேசி நடித்தனர். பிறகு குரல்கள் தனியே பொருத்தப்பட்டன. அன்று என்னை எழுந்து போகச் செய்த அந்த உதட்டுப் பிசகு, உடலை இரவல் வாங்கியவர்களின் பேச்சாக இப்போது கேட்கிறது. இதைப் பாவா திட்டமிட்டார் என்று நான் வாதாடப் போவதில்லை. வஸ்துவும் தயாரிப்பும் தாமாகவே ஒன்றையொன்று கண்டுகொண்டன. முடிவில், மனிதர்கள் என்று நாம் நம்பி வந்தவர்கள் பூமிக்காரர்களே அல்ல என்று தெரிகிறது. அடுத்த இரவலுக்காகத்தான் அவர்கள் பூமிக்கு வருகிறார்கள்.

அமெரிக்காவில் இதற்கு 'பிளானட் ஆஃப் தி வாம்பயர்ஸ்' என்று பெயரிட்டார்கள். ரத்தம் குடிக்கும் வாம்பயர் ஒன்றுகூடப் படத்தில் கிடையாது. 1979ல், மிகப் பெரிய செலவில், 'ஏலியன்' வந்தது. பாழடைந்த அந்நியக் கப்பல், அதற்குள் ராட்சத எலும்புக்கூடு. பாவாவின் படம் தன் மனதில் இருந்ததை அதன் திரைக்கதாசிரியர் டான் ஓபானன் பிற்பாடு ஒப்புக்கொண்டார். இரவல் வாங்கிய படத்திடம் இரவல்.

1980ல் இறந்த பாவா தன் படங்களைப் பற்றிப் பெருமையடித்துக்கொண்டவரல்ல. வறுமையை ஒரு கொள்கையாகவும் அவர் ஆக்கிக்கொள்ளவில்லை. பாறைகள் இரண்டுதான் என்றார்கள். மூன்றாவதற்காகக் காத்திராமல் கண்ணாடியை எடுத்தார். கண்ணாடியை எங்கே சுரண்ட வேண்டும் என்பது அவருக்குத் தெரிந்திருந்தது. நமக்குத் தெரிகிறதா என்பதே என் கேள்வி.