வாந்த்ரே, பந்தோரா, பாந்த்ரா: ஒரு கடற்கரைப் புறநகரின் பெயர்களும் உரிமைகளும்

மும்பையின் பாந்த்ரா என்றதும் நம்மில் பலருக்குத் திரைநட்சத்திரங்களின் மாளிகைகளும், கடலின் மீது வளைந்து செல்லும் பாலமும், விலையுயர்ந்த உணவகங்களும்தாம் நினைவுக்கு வரும். அந்தப் பாந்த்ராவின் உள்ளே ரன்வார், பாலி, சிம்பாய், சூயிம், ஷெர்லி, ராஜன் எனச் சில பழஞ்சிற்றூர்கள் அடுக்குமாடிகளுக்கு நடுவே இன்றும் இருக்கின்றன. ஓட்டுக்கூரை, மரப்படிக்கட்டு, முகப்புத் திண்ணை கொண்ட வீடுகளும், சந்து கூடுமிடத்தில் ஒரு சிலுவையும் அவற்றின் அடையாளம். இப்பதிவு அச்சிற்றூர்களையும் அவற்றைச் சூழ்ந்த பெயர்களையும் பற்றியது. ஓரிடத்தை எப்பெயரால் பதிவு செய்கிறோம் என்பது, அவ்விடத்தில் யார் தொடர்ந்து வாழலாம் என்பதையும் முடிவு செய்யக்கூடும். பாந்த்ராவின் வரலாறு இதற்குத் தெளிவான சான்று.

முதலில் நிலவியல். இன்றைய மும்பை ஒரே நிலப்பரப்பாகத் தோன்றினாலும், தெற்கே ஏழு சிறு தீவுகளும் வடக்கே சால்செட் என்னும் பெருந்தீவும் சேர்ந்து உருவானதே அந்நகரம். சால்செட்டின் மராத்திப் பெயர் சாஷ்டி. அறுபத்தாறு ஊர்களைக் கொண்டது என்னும் பொருளுடைய வடமொழித் தொடரின் சிதைவு அது என்பர். பாந்த்ரா இப்பெருந்தீவின் தென்மேற்கு முனை. அதற்குத் தெற்கே மாகிம் கழிமுகம். கழியின் மறுகரையில் மாகிம் தீவு. மேற்கே அரபிக்கடல். கடலும் கழியும் இரு புறம் சூழ்ந்த இந்த அமைப்புதான் ஊரின் பிற்கால வரலாற்றுக்கு அடித்தளம்.

மராத்தியில் இவ்வூர் வாந்த்ரே. போர்த்துகீசியர் பந்தோரா என்று எழுதினர். ஆங்கிலத்தின் வழியே பாந்த்ரா நிலைத்தது. துறைமுகத்தைக் குறிக்கும் 'பந்தர்' என்னும் பாரசீகச் சொல்லோடு இப்பெயரை இணைப்பது பெருவழக்கு. சொல்முதலில் வகரமும் பகரமும் மாறி வருவது இந்திய மொழிகளுக்குப் புதிதன்று. நாம் வங்கம் என்பதை வங்காளிகள் பாங்லா என்கிறார்கள். இன்றும் மராத்தி அறிவிப்புப் பலகையில் வாந்த்ரே என்றும் ஆங்கிலப் பலகையில் பாந்த்ரா என்றும் ஒரே நிலையத்தில் இரு பெயர்களையும் காணலாம்.

1534ஆம் ஆண்டு வசாய் உடன்படிக்கையின்படி குஜராத் சுல்தானிடமிருந்து இப்பகுதி போர்த்துகீசியர் கைக்கு வந்தது. பாந்த்ராவின் புனித அந்திரேயா ஆலயம் 1575இல் இயேசு சபையினரால் எழுப்பப்பட்டது. கோளி மீனவர், குன்பி உழவர், பண்டாரிகள் எனப் பல சமூகத்தார் மதம் மாறினர். மதம் மாறியபோதும் அவர்கள் மொழியை மாற்றிக்கொள்ளவில்லை. மராத்தியின் வடகொங்கணக் கிளைமொழியையே பேசிவந்தனர். 1661இல் போர்த்துகீசிய இளவரசி காதரீனுக்கும் இங்கிலாந்து மன்னர் இரண்டாம் சார்லசுக்கும் திருமண உடன்படிக்கை ஏற்பட்டது. தெற்கேயுள்ள மும்பைத் தீவு ஆங்கிலேயருக்குச் சீதனமாயிற்று. சால்செட் போர்த்துகீசியரிடமே இருந்தது. ஆகவே மாகிம் கழி இரண்டு பேரரசுகளின் எல்லையாக மாறியது. கழியின் தென்கரையில் மாகிம் கோட்டை ஆங்கிலேயருடையது. வடகரை முனையில் 1640இல் கட்டப்பட்ட அகுவாதா கோட்டை போர்த்துகீசியருடையது. அகுவாதா என்றால் கப்பல்கள் நன்னீர் எடுத்துக்கொள்ளும் இடம். உப்புநீர் சூழ்ந்த முனையில் நன்னீர் கிடைத்த செய்தியை அக்கோட்டையின் பெயரே பதிவு செய்துள்ளது.

மராத்தியர் 1737இல் சால்செட்டையும் 1739இல் வசாயையும் போர்த்துகீசியரிடமிருந்து கைப்பற்றினர். 1774இல் ஆங்கிலேயர் சால்செட்டைப் பிடித்தனர். 1782ஆம் ஆண்டு சால்பாய் உடன்படிக்கை அதை உறுதி செய்தது. எல்லை அகன்றபின்னும் கழி அகலவில்லை. மக்கள் படகில்தான் கடந்தனர். மழைக்காலத்தில் அது உயிரைப் பணயம் வைக்கும் பயணம். ஜம்சேட்ஜி ஜீஜீபாயின் மனைவி ஆவாபாய் ஒன்றரை லட்சம் ரூபாய்க்கும் மேல் வழங்க, 1845இல் மாகிம் தரைப்பாலம் திறக்கப்பட்டது. பாலத்தைக் கடப்போரிடம் சுங்கம் வாங்கக் கூடாது என்பது அவர் நிபந்தனை. அத்தரைப்பாலமும் 1860களில் வந்த இருப்புப்பாதையும் பாந்த்ராவைத் தீவின் ஊராக இருந்த நிலையிலிருந்து நகரத்தின் புறநகராக மாற்றின. 1876இல் தனி நகராட்சி அமைந்தது. 1950இல் பாந்த்ரா மும்பை மாநகராட்சியோடு இணைந்தது.

இந்த மாற்றத்தின் நடுவேதான் இங்குள்ள பழங்குடிக் கிறித்தவர்கள் தங்களுக்கு ஒரு புதுப் பெயரைத் தேர்ந்தெடுத்தனர். கோவாவிலிருந்தும் மங்களூரிலிருந்தும் போர்த்துகீசியப் பெயர் தாங்கிய கத்தோலிக்கர் வேலை தேடி மும்பைக்கு வந்துகொண்டிருந்தனர். அவர்களிடமிருந்து தம்மை வேறுபடுத்திக் காட்ட, விக்டோரியா அரசியின் பொன்விழா ஆண்டான 1887இல், உள்ளூர்க் கத்தோலிக்கர் 'ஈஸ்ட் இந்தியன்' என்னும் பெயரை ஏற்றனர். மேற்குக் கடற்கரையில் பிறந்து வளர்ந்தவர்கள் கிழக்கிந்தியர் ஆனது இவ்வாறுதான். பெயரில் உள்ள கிழக்கு, திசையைக் காட்டிலும் கிழக்கிந்தியக் கம்பெனியையே சுட்டுவது. நாங்கள் இம்மண்ணின் முதல் குடிகள் என்று உரைக்க, அயல் வணிகக் கம்பெனியின் பெயரைக் கடன் வாங்க நேர்ந்தது இச்சமூக வரலாற்றின் முரண்.

அவர்களுடைய அன்றாட வாழ்வில் இந்த அடுக்குகள் அனைத்தும் ஒருங்கே தெரியும். திருமணத்துக்கு முன்னாள் பெண்கள் வாத்தியம் முழங்கப் பாடிக்கொண்டு கிணற்றுக்குச் சென்று, மணமக்களை நீராட்ட நீர் முகந்து வருவார்கள். 'உம்ராச்ச பாணி' எனப்படும் இச்சடங்கு மதமாற்றத்துக்கு முந்தைய கொங்கண வழக்கம். பேச்சில் போர்த்துகீசியச் சொற்கள் கலந்திருக்கும். சாவியை மராத்தியரும் நம்மைப் போலவே சாவி என்கிறார்கள். இரு மொழிக்கும் அது போர்த்துகீசியக் கொடை. மலைமேல் உள்ள மரியன்னை ஆலயத்தைக் கோளியர் 'மோத் மாவுலி' என்பர். மாவுலி என்பது தாயைக் குறிக்கும் மராத்திச் சொல். கடலில் கிடைத்த அன்னையின் திருவுருவத்தை ஒரு கோளி மீனவர் கண்டெடுத்தார் என்பது அங்கே வழிவழியாகச் சொல்லப்படும் செய்தி. செப்டம்பர் மாதத்தில் நடைபெறும் பாந்த்ரா விழாவுக்கு இந்துக்களும் இசுலாமியரும் பார்சிகளும் மெழுகுருவங்களை நேர்த்திக்கடனாக ஏந்தி வருகிறார்கள். சந்துகளில் நிற்கும் சிலுவைகளில் பல, 1896இல் மும்பையைத் தாக்கிய கொள்ளைநோயின்போது பாதுகாப்பு வேண்டி நாட்டப்பட்டவை.

கழியின் கிழக்குப் பகுதிக்குத் தமிழரோடும் தொடர்புண்டு. பாந்த்ராவில் இருந்த மாட்டிறைச்சிக் கூடத்தின் தோல்கள் கழியோரத் தாராவியின் தோல் பதனிடும் தொழிலுக்கு ஊட்டமளித்தன. பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியிலிருந்து திருநெல்வேலிப் பகுதித் தமிழர் அத்தொழிலுக்காக அங்கே குடியேறினர். 1971இல் இறைச்சிக் கூடம் தேவ்னாருக்கு மாற்றப்பட்டது. தாராவி பிற்காலத்தில் சேரியாக மட்டுமே அறியப்பட்டாலும், 1909ஆம் ஆண்டு அரசிதழ்க் களஞ்சியம் அதைக் கோளியரின் பெரும் மீனவக் குடியிருப்புகளுள் ஒன்றாகவே குறிக்கிறது. ஒரே இடம் ஒரு பதிவில் மீனவ ஊர், மற்றொரு பதிவில் சேரி. இந்த இடைவெளியில்தான் உரிமைகள் நழுவுகின்றன.

நிலத்தின் இயல்பைச் சொல்லும் பெயர்களுக்கும் இதே கதிதான். பாந்த்ராவை ஒட்டிய பகுதிக்குக் கார் என்று பெயர். மராத்தியில் 'கார்' என்பது உவர்நிலம். கடல்நீர் ஏறும் சதுப்புக்கு அணையிட்டு மீட்ட நிலத்துக்கு மகாராட்டிரச் சட்டத்திலும் இதுவே பெயர். கழியில் வந்து கலக்கும் ஆற்றின் பெயர் மிட்டி, அதாவது இனியது. உவரும் இனிதும் அடுத்தடுத்து வரைபடத்தில் நிற்கின்றன. ஆற்றோரச் சதுப்பை நிரப்பிப் பாந்த்ரா-குர்லா வணிக வளாகம் எழுந்தது. மேற்கே கடலைத் தூர்த்தும் நிலம் எடுத்தார்கள். 2005 ஜூலை 26 அன்று சாந்தாகுரூசில் ஒரே நாளில் 944 மில்லிமீட்டர் மழை பெய்தபோது, மிட்டி தன் பழைய இடத்தைத் தேடிக் கரைமீறியது. பெயர்கள் முன்னரே உரைத்ததை வெள்ளம் மீண்டும் உரைத்தது.

இனி இன்றைய வழக்கு. மராத்தியில் ஊர்க்குடியிருப்பு நிலத்துக்குக் காவ்டாண் என்றும், மீனவக் குடியிருப்புக்குக் கோளிவாடா என்றும் பெயர். இவை பேச்சுவழக்குச் சொற்கள் மட்டுமல்ல, சட்டச் சொற்களும் ஆகும். 2011ஆம் ஆண்டு கடலோர ஒழுங்குமுறை அறிவிக்கை மும்பைக்கெனத் தனிப் பகுதி வகுத்தது. 1981ஆம் ஆண்டு வளர்ச்சித் திட்டத்திலோ மாநில அரசின் ஆவணங்களிலோ இனங்காணப்பட்ட கோளிவாடாக்களை வரைபடத்தில் குறித்துத் தனி வகையில் சேர்க்க வேண்டும் என்றது அது. கோளிவாடா எனக் குறிக்கப்பட்டால் வீட்டைப் புதுப்பிக்கவும் தொழிலைத் தொடரவும் ஒரு பிடி கிடைக்கும். குறிக்கப்படாத இடம் வெறும் நெருக்கடியான குடியிருப்பாகிவிடும். அதற்கு அடுத்த பெயர் சேரி. மும்பையின் சில கோளிவாடாக்களைச் சேரிச் சீரமைப்புத் திட்டத்துக்குள் கொண்டுவர முயன்றபோதெல்லாம் கோளியர் எதிர்த்தமைக்குக் காரணம் இதுவே. சேரிவாசி அரசு தரும் வீட்டைப் பெறுபவர். கோளிவாடாவின் குடியோ அந்நிலத்துக்கு உரியவர். படகு நிறுத்தவும் வலை உலர்த்தவும் பொம்பில் மீனைக் கழிகளில் தொங்கவிட்டுக் காயவைக்கவும் வேண்டிய திறந்த நிலத்துக்கு, ஒரு சேரி வரைபடத்தில் இடமே இராது.

சிற்றூர்ப் பெயர்களைச் சேகரிப்பதைப் பழமை போற்றும் பொழுதுபோக்காகச் சிலர் கருதுகின்றனர். பாந்த்ரா அக்கருத்தை மறுக்கிறது. சிம்பாய் என்னும் பெயர் வரைபடத்தில் நின்றால் அங்கே ஒரு மீனவ ஊர் உண்டு என்று வாதிடலாம். பெயர் மறைந்து கட்டடங்களின் பெயர்கள் மட்டுமே மிஞ்சினால், வாதிடுவதற்கு ஊரே இராது. ஈஸ்ட் இந்தியச் சமூகம் 1887இல் அறிந்ததும் இதுதான்: தன் பெயரைத் தானே எழுதிக்கொள்ளாதவர்க்குப் பிறர் எழுதுவார்கள்.

மும்பை, கொச்சி, விசாகப்பட்டினம் எனக் கடலோர நகரங்களில் வாழும் நண்பர்களுக்கு ஒரு வேண்டுகோள். உங்கள் வட்டாரத்தின் குப்பம், வாடா, துறை, கழி ஆகியவற்றின் உள்ளூர்ப் பெயர்களை அங்குள்ள மூத்தோரிடம் கேட்டு, அவர்கள் ஒலிக்கும்படியே எழுதி வையுங்கள். இயன்றால் பின்னூட்டத்திலும் பதியுங்கள். ஒருநாள் அப்பட்டியல் யாரோ ஒருவருடைய வீட்டுக்குச் சான்றாகக்கூடும்.