சார்லி பார்க்கரை வளர்த்த ஊர்

ஜாஸ் சாக்ஸபோன் கலைஞர் சார்லி பார்க்கர் 1955 மார்ச் 12 அன்று நியூயார்க் ஓட்டல் ஒன்றில் இறந்தபோது அவருக்கு வயது 34. உடலைப் பார்த்த மருத்துவர் ஐம்பதைத் தாண்டியவர் என்று கணித்தார். அந்தக் கணிப்பு அவருடைய சாக்ஸபோனைக் காட்டிலும் வேகமாகப் பரவிவிட்டது. பிறவி மேதை, ஹெராயின், அகால மரணம் என்ற மூன்று சொற்களில் அவர் வாழ்க்கையை முடித்துவிடுகிறார்கள். இந்தச் சித்திரம் அவருக்கு இழைக்கப்பட்ட அநீதி. பார்க்கரின் கலை தொழில் கற்பதுபோல் கற்கப்பட்டது. அதற்கான பள்ளி மிசௌரி மாநிலத்துக் கான்சாஸ் சிட்டி. அந்த ஊரையும் அதன் இரவு வழக்கங்களையும் தள்ளிவைத்துவிட்டு அவர் இசையை விளக்க முடியாது.

1930களில் அமெரிக்கா பொருளாதார வீழ்ச்சியில் கிடந்தது. ஊர் ஊராகப் போய் நடன அரங்குகளில் வாசித்துப் பிழைத்த கறுப்பின இசைக்குழுக்கள் ஒவ்வொன்றாகக் கலைந்தன. கான்சாஸ் சிட்டியில் மட்டும் வேலை இருந்தது. ஊரைத் தன் கைக்குள் வைத்திருந்த அரசியல் தலைவர் டாம் பெண்டர்காஸ்ட் மதுவிலக்குச் சட்டத்தை ஏட்டோடு நிறுத்தியிருந்தார்; விடிய விடிய கிளப்புகள் திறந்திருந்தன. பிழைப்புத் தேடி வந்தவர்கள் பதினெட்டாம் தெருவையும் வைன் தெருவையும் சுற்றிக் குவிந்தார்கள். வெள்ளையரின் சங்கத்தில் இடம் கிடைக்காத கறுப்பினக் கலைஞர்களுக்கு 627ஆம் எண் கொண்ட தனிச் சங்கமும், ஹைலண்ட் அவென்யூவில் அதற்கென ஒரு கட்டடமும் இருந்தன. கூலிக்கான வாசிப்பு முடிந்தபின் நடந்ததுதான் முக்கியம். வேறு வேறு குழுக்களைச் சேர்ந்தவர்கள் ஒரே மேடையில் ஏறி, ஒரே பாட்டை ஒருவர் மாற்றி ஒருவர் தம் மனோதர்மப்படி விரித்து வாசிப்பார்கள். ஜாம் செஷன் என்ற இந்த வழக்கத்தில் தாள் கிடையாது, தாட்சண்யமும் கிடையாது. எந்தப் பாட்டையும் எந்தச் சுருதியிலும் எந்த வேகத்திலும் எடுக்கத் தெரியாதவன் இறங்க வேண்டியதுதான். கவுண்ட் பேஸியின் குழுவும் லெஸ்டர் யங்கின் சாக்ஸபோனும் இந்தப் பரீட்சையில்தான் கூர் ஏறின. பியானோ கலைஞர் மேரி லூ வில்லியம்ஸ் பக்குவப்பட்டதும் இங்கேதான்.

பார்க்கர் 1920இல் பிறந்தவர். தாய் அடி பார்க்கர் இரவில் துப்புரவு வேலை செய்து குடும்பத்தைக் காப்பாற்றினார்; மகனுக்கு ஆல்டோ சாக்ஸபோன் வாங்கிக் கொடுத்தவரும் அவரே. தாய் வேலைக்குப் போன இரவுகளில் பையன் கிளப்புகளின் வாசலில் நின்று கேட்டான். பிறவி மேதை என்ற பேச்சு இங்கேயே இடறுகிறது. முதன்முதலில் ஜாம் செஷனில் ஏறியபோது தனக்கு ஓரிரு பாட்டுகள்தான் தெரியும் என்றும், மற்றவர்கள் சிரித்தே தன்னை இறக்கிவிட்டார்கள் என்றும் பார்க்கரே பின்னாளில் சொல்லியிருக்கிறார். 1936இல் ரெனோ கிளப்பில் பேஸி குழுவின் டிரம்ஸ் கலைஞர் ஜோ ஜோன்ஸ், பார்க்கர் வழி தவறி வாசித்ததைப் பொறுக்காமல் ஒரு சிம்பலைக் கழற்றி எறிந்தார். தலையைக் குறிவைத்து எறிந்ததாகச் சினிமாக்காரர்கள் பெரிதாக்கிவிட்டார்கள். அங்கே இருந்த பேஸ் கலைஞர் ஜீன் ரேமி சொன்னபடி அது காலடியில்தான் விழுந்தது. போதும், இறங்கு என்று பொருள். அடுத்த கோடையில் பார்க்கர் ஓசார்க் மலைப்பகுதி விடுதி ஒன்றுக்கு ஒரு குழுவோடு வாசிக்கப் போனார். போகும்போது லெஸ்டர் யங் வாசித்த இசைத்தட்டுகளையும் எடுத்துப் போய், அவற்றின் தனி வாசிப்புகளைச் சுரம் சுரமாகப் பாடம் செய்தார். மூன்று நான்கு வருடங்கள் ஒரு நாளைக்குப் பதினோரு மணி நேரத்துக்குக் குறையாமல் சாதகம் செய்ததாகவும், தொல்லை தாங்காத அண்டை வீட்டார் தாயிடம் வீட்டைக் காலி செய்யச் சொல்லப்போவதாக மிரட்டியதாகவும் 1954இல் ஒரு வானொலிப் பேட்டியில் கூறினார். நம் வித்வான்கள் அசுர சாதகம் என்பது இதைத்தான்.

நினைவிலிருந்து சொன்னது மிகையாக இருக்கலாமே என்று கேட்பது நியாயம். அதற்குப் பதில் ஒலிப்பதிவிலேயே இருக்கிறது. 1940 நவம்பரில், பார்க்கர் இடம்பெற்றிருந்த ஜே மெக்‌ஷான் குழுவினர் விச்சிட்டா வானொலி நிலையத்தில் சில பாட்டுகளைப் பதிவு செய்தார்கள். அதில் இருபது வயதுப் பார்க்கரின் வாசிப்பில் லெஸ்டர் யங்கின் சாயல் தெளிவாகக் கேட்கிறது. அதே இளக்கம், சொற்றொடரைத் தாளக்கட்டுக்கு மேலாக இழுத்துக் கொண்டுபோகும் அதே முறை. ஐந்து வருடம் கழித்து, 1945 நவம்பர் 26 அன்று நியூயார்க்கில் சவாய் நிறுவனத்துக்காக அவர் பதிவு செய்த 'கோ-கோ'வைக் கேட்டால் வேறொரு மனிதர் வாசிப்பதுபோல் இருக்கிறது. ஆனால் அந்த மின்னல் வேக வாசிப்பு 'செரோக்கி' என்ற பழகிய பாட்டின் சுரக்கட்டின்மேல்தான் ஓடுகிறது. நியூயார்க் வந்த புதிதில் இதே பாட்டை வைத்து இரவுகள்தோறும் உழன்று தன் வழியைக் கண்டவர் அவர். தெரிந்த கட்டின்மேல் தெரியாததைக் கட்டுவது கான்சாஸ் சிட்டி மேடையின் பாடம். டிஸ்ஸி கில்லெஸ்பி, தெலோனியஸ் மாங்க் ஆகிய கலைஞர்கள் நியூயார்க்கின் ஹார்லெமில் தேடிக்கொண்டிருந்ததோடு அந்தப் பாடம் சேர்ந்தபோது பீபாப் என்ற புதிய ஜாஸ் பாணி பிறந்தது.

ஊர்தான் ஆசான் என்றால், அதே தெருக்களில் கேட்டு வளர்ந்த எத்தனையோ பேரில் ஒருவர்தானே பார்க்கர் ஆனார் என்று சிலர் மடக்குவார்கள். உண்மைதான். ஊர் கொடுத்தது காதையும் அளவுகோலையும் நாள்தோறும் தோற்கும் வாய்ப்பையும். அவமானப்பட்டபின் மீண்டும் அதே மேடைக்குத் திரும்பிய பிடிவாதம் அவருடைய சொந்தச் சொத்து. நான் மறுப்பது, அந்தப் பிடிவாதம் பிடித்துக்கொள்ள எதுவுமே இல்லாமல் வெட்டவெளியில் மலர்ந்தது என்ற எண்ணத்தை மட்டுமே. இன்னொரு ஆட்சேபம் இதைவிடக் கனமானது: ஊழலிலும் ரவுடித்தனத்திலும் நடந்த ஊரை இப்படிக் கொண்டாடலாமா? கூடாது. கறுப்பினக் கலைஞர்களுக்குக் கூலி சொற்பம். ரெனோ கிளப்பில் வெள்ளையருக்கும் கறுப்பருக்கும் தனித்தனி இடம். பெண்டர்காஸ்ட் 1939இல் வருமான வரி ஏய்ப்புக்காகச் சிறை சென்றதும் அந்த இரவு உலகம் சரிந்தது என்பதே அது எவ்வளவு அழுகிய தூணில் நின்றது என்பதற்குச் சான்று. வித்தை கிடைத்த தெருக்களில் போதையும் கிடைத்தது. 1936 இறுதியில் ஒரு கார் விபத்தில் விலா எலும்பு முறிந்தபோது வலிக்குக் கொடுத்த மார்ஃபின்தான் தொடக்கம் என்று வாழ்க்கை வரலாறு எழுதியோர் பலர் சொல்கிறார்கள்.

ஆனால் போதைதான் அந்த இசையைக் கொடுத்தது என்பதை ஏற்கவே முடியாது. 1946 ஜூலையில் லாஸ் ஏஞ்சலஸில் உடலும் மனமும் உடைந்த நிலையில் பதிவான 'லவர் மேன்' சாட்சியாக இருக்கிறது. எங்கே சேர்வது என்று தெரியாமல் தடுமாறும் அந்த வாசிப்பு வெளியானதில் பார்க்கருக்குத் தீராத மனவருத்தம். அன்றிரவே கைதாகி, கமரில்லோ மனநல மருத்துவமனையில் ஆறு மாதம் இருந்தார். உடல் தேறி வெளியே வந்த 1947இல்தான் அவருடைய மிகச் சிறந்த பதிவுகள் சில வந்தன. போதையில் நன்றாக வாசிக்கிறேன் என்று சொல்லும் கலைஞன் பொய் சொல்கிறான் என்று பத்திரிகைப் பேட்டியில் வெளிப்படையாகவே சொன்னார். நியூயார்க் அதிகாரிகள் 1951இல் அவருடைய காபரே அட்டையைப் பறித்தார்கள். அந்த அட்டை இல்லாமல் மது விற்கும் கிளப்புகளில் வாசிக்க முடியாது. நோயாளி ஒருவரின் பிழைப்பைப் பிடுங்கிய அந்தக் கொடுமைக்குப் பின்னும், 1953 மே மாதம் டொராண்டோவின் மாஸி ஹாலில் ஒரு பிளாஸ்டிக் சாக்ஸபோனை வைத்துக்கொண்டு அவர் வாசித்த வாசிப்பு உலகம் அறிந்தது. அந்த மாலையைக் காப்பாற்றியது பதினைந்து வருடத்துக்கு முந்திய சாதகமே.

அடுத்த தலைமுறையில் பலர் அவருடைய விரல் வேகத்தைப் பிடிக்க முடியாமல் ஊசியைப் பிடித்தார்கள். அந்தத் தவற்றில் விழுந்த சாக்ஸபோன் கலைஞர் சோனி ராலின்ஸ், பார்க்கரே கண்டித்த பிறகு, லெக்சிங்டன் அரசு மருத்துவமனையில் சேர்ந்தார். மீண்டு வந்து பார்க்கர் முன் நிற்க வேண்டும் என்பது ராலின்ஸின் ஆசை. அதற்குள் பார்க்கர் போய்விட்டார். நாட்டிலேயே முதல் வரிசை சாக்ஸபோன் கலைஞர் என்று பெயரெடுத்தபின், 1959இல் ராலின்ஸ் தன் வாசிப்பில் நிறைவில்லை என்று மேடையை விட்டே விலகினார். இரண்டு வருடம் நியூயார்க்கின் வில்லியம்ஸ்பர்க் பாலத்தின்மேல், இரவு பகல் பாராமல் நின்று சாதகம் செய்தார்.