ராட்டை சக்கரமான கதை

செம்பரம்பாக்கத்தில் 24 என்று சொன்னால் பேச்சு ஏரிக்குத்தான் போகும். நீர்மட்டம் 24 அடியைத் தொட்டால் ஏரி நிரம்பிவிட்டது என்று கணக்கு. 2015 டிசம்பர் வெள்ளத்துக்குப் பிறகு மழைக்காலத்தில் அந்த எண்மீதே எல்லார் கண்ணும். தேசியக் கொடியின் சக்கரத்துக்கும் ஆரக்கால்கள் 24தான், இது தற்செயல். ஆனால் அந்தக் கொடிக்கு விளக்கம் சொன்னவர் இந்தப் பக்கத்து மனிதர். அம்பத்தூர், ஆவடியைக் கடந்து ரயில் போகும் திருத்தணியில் 1888இல் பிறந்த ராதாகிருஷ்ணன்.

அவர் பேசுவதற்கு முன் கொடியின் நிறங்கள் ஒரு பெரிய சண்டையைப் பார்த்திருந்தன. 1921இல் பெஜவாடாவில் பிங்கலி வெங்கையா காந்தியிடம் கொடுத்த கொடியில் சிவப்பு இந்துக்களுக்கு, பச்சை முஸ்லிம்களுக்கு. மற்றவர்களுக்காக வெள்ளையைச் சேர்க்கச் சொன்னார் காந்தி. நிறத்துக்கு ஒரு மதம் என்று பங்கு வைத்தால் எங்கள் பங்கு எங்கே என்று யாராவது கேட்கத்தானே செய்வார்கள்? சீக்கியர்கள் கேட்டார்கள். 1931இல் காங்கிரஸ் அமைத்த ஏழு பேர் குழு, முழுக்கக் காவி நிறத்தில் மூலையில் ராட்டையோடு ஒரு கொடியைப் பரிந்துரைத்தது. கட்சி அதை ஏற்கவில்லை. காவி, வெள்ளை, பச்சை, நடுவில் ராட்டை என்று அந்த ஆண்டே முடிவானது. நிறங்களுக்கும் மதங்களுக்கும் தொடர்பில்லை என்றும் தெளிவாக எழுதி வைத்தார்கள். கொடியின் வரலாற்றில் முக்கியமான வரி அதுதான்.

அந்த ராட்டைக் கொடியைத்தான் 1932 ஜனவரி 26 அன்று விடுதலைப் போராட்ட வீரர் ஆர்யா பாஷ்யம் செயின்ட் ஜார்ஜ் கோட்டைக் கம்பத்தில் ஏறிக் கட்டினார். பிரிட்டிஷ் கொடி பறந்த கம்பம் அது.

1947 ஜூலை 22. அரசியல் நிர்ணய சபையில் நேரு கொண்டுவந்த தீர்மானத்தில் ராட்டை போய், சாரநாத் அசோகத் தூணின் சக்கரம் வந்தது. காரணம் வேடிக்கையானது: ராட்டையின் ஒரு பக்கம் சக்கரம், மறுபக்கம் கதிர். கொடியைத் திருப்பினால் இடம் மாறித் தெரியும். சக்கரத்துக்கு அந்தத் தொல்லை இல்லை. காந்திக்கு இதில் மனம் ஒப்பவில்லை.

ராதாகிருஷ்ணன் அன்று சபையில் சொன்ன பொருள் இது: காவி துறவு, ஆள்பவர்களுக்குப் பொருளாசை கூடாது. வெள்ளை ஒளி, உண்மையின் பாதை. பச்சை, மண்ணோடும் பயிரோடும் நமக்குள்ள உறவு. ஏரிப் பாசனம் கண்ட ஊர்க்காரர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. சக்கரம் அறம், கூடவே இயக்கம், தேங்கினால் சாவு. மூன்று நிறத்தில் ஒன்றுக்குக்கூட அவர் மதத்தின் பெயரைச் சொல்லவில்லை. பள்ளிக்கூடத்துச் சுதந்திர தின உரைகளில் இன்றும் நிறத்துக்கு ஒரு மதம் என்று பேசுகிறவர்கள் 1921இலேயே நின்றுவிட்டவர்கள்.

1947 ஆகஸ்ட் 15 விடியற்காலை, பாஷ்யம் ஏறிய அதே கோட்டையில் சக்கரக் கொடி ஏறியது. 12 அடி நீளம், 8 அடி அகலம், பட்டுத்துணி. இப்போது கோட்டை அருங்காட்சியகத்தில் மங்கிய வெளிச்சத்தில், கண்ணாடிப் பேழைக்குள் இருக்கிறது. வெள்ளிக்கிழமை விடுமுறை, மற்ற நாளில் பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு போய்ப் பாருங்கள்.