காதில் விழுந்த சொல்

போத்தனூர் ஸ்டேஷனில் வண்டி நின்றது. எதிர் ஆசனத்திலிருந்த வடநாட்டு அன்பர் பெயர்ப் பலகையின் ஆங்கில எழுத்துக்களைக் கூட்டிப் படித்து, "பொடானூர்!" என்றார்.

"போத்தனூர்" என்று திருத்தினேன்.

"எழுதியிருப்பது அப்படியல்லவே?" என்றார்.

நியாயமான கேள்விதான். வெள்ளைக்காரன் தன் காதில் விழுந்ததைத் தன் எழுத்தில் எழுதி வைத்துப் போனான். நாம் அதை இன்னும் ஓதிக்கொண்டிருக்கிறோம்!

இப்படிக் காதில் விழுந்த சொற்களுக்கென்றே ஓர் அகராதி உண்டு. கர்னல் ஹென்றி யூல் என்பவரும், தஞ்சாவூரில் ஜட்ஜாயிருந்த பர்னெல் என்பவரும் சேர்ந்து தொகுத்தது. பர்னெல் 1882-ல் காலமாகிவிட்டார். புத்தகம் 1886-ல் வெளியாயிற்று. கையிலெடுத்தால் கீழே வைக்க மனம் வராது. நம்முடைய சுருட்டு அதிலே 'ஷெரூட்' ஆகிப் புகைகிறது. கட்டுமரம் 'கட்டமரான்' ஆகி மிதக்கிறது. மிளகுத் தண்ணீர் 'மல்லிகட்டானி' என்ற பட்டம் பெற்று, துரைமார் மேஜையில் சூப்பாக வந்து அமர்கிறது. ரசத்துக்கு வந்த வாழ்வைப் பாருங்கள்! நம் காசு அங்கே 'கேஷ்' என்னும் சின்ன நாணயம். ரொக்கத்தைக் குறிக்கும் 'கேஷ்' வேறு வம்சம். பெட்டி என்று பொருள்படும் பிரெஞ்சுச் சொல்லின் வழி வந்தது. முகம் ஒன்று, குலம் வேறு.

அந்த அகராதியின் பெயர் 'ஹாப்ஸன்-ஜாப்ஸன்'. யாரோ இரட்டைப் பிள்ளைகள் என்றுதான் நான் வெகுநாள் நினைத்திருந்தேன். உண்மை அதுவல்ல. மொகரம் ஊர்வலத்தில் மார்பில் அறைந்துகொண்டு, "யா ஹசன்! யா ஹுசைன்!" என்று கதறுவார்கள். நபிகள் நாயகத்தின் பேரர்களை நினைத்து எழும் ஓலம் அது. வேடிக்கை பார்த்த வெள்ளைச் சிப்பாய்களின் காதில் அது 'ஹாப்ஸன்-ஜாப்ஸன்' என்று விழுந்தது. ஒருவருடைய அழுகை இன்னொருவர் காதில் விகடமாயிற்று.

போத்தனூரில் இறங்கியவனுக்கு இது ஏன் ஞாபகம் வரவேண்டும்? காரணம் இருக்கிறது.

கோவைக்கு ரயில் வருமுன்பே போத்தனூருக்கு ரயில் வந்துவிட்டது. 1862-ல் சென்னையையும் மேற்குக் கடற்கரையையும் இணைத்த பாதை இவ்வழியேதான் சென்றது. அதே பாதையில், 1921 நவம்பர் 19-ஆம் தேதி மாலை, மலபார்க் கலகத்தில் பிடிபட்ட கைதிகள் ஏறக்குறைய 100 பேரைத் திரூரில் ஒரே பெட்டியில் அடைத்து அனுப்பினார்கள். பெரும்பாலோர் மாப்பிள்ளை முஸ்லிம்கள். தண்ணீருக்கும் காற்றுக்கும் கதறியதாகப் பிழைத்தவர்கள் பிற்பாடு சொன்னார்கள். கதவு திறக்கவில்லை. நள்ளிரவையொட்டிப் போத்தனூரில் திறந்தபோது ஐம்பதுக்கு மேற்பட்டவர்கள் பிணமாகக் கிடந்தார்கள். மொத்தம் மாண்டவர்கள் சுமார் 70 பேர்.

பிளாட்பாரத்து பெஞ்சியில் உட்கார்ந்திருந்த முதியவரிடம் மெல்ல விசாரித்தேன்.

"இங்கதானுங்க அந்தப் பொட்டி வந்து நின்னுது. எங்க அப்பாரு கலாசியா இருந்தாருங்க. சாகற வரைக்கும் அதப் பத்திப் பேச்செடுத்தா, துண்டால மூஞ்சியத் தொடச்சுட்டு எந்திரிச்சுப் போயிருவாருங்க" என்றார்.

அந்தச் சம்பவத்துக்கு மலையாளத்தில் இன்றும் 'வாகன் டிராஜடி' என்றே பெயர். திரூரிலுள்ள நினைவு மண்டபத்துக்கும் அதே பெயர்தான். இரண்டுமே ஆங்கிலச் சொற்கள். அகராதியைப் புரட்டினால், ஒன்றுக்குச் சரக்கு வண்டி என்றும், மற்றதற்குச் சோக நாடகம் என்றும் பொருள் கிடைக்கும். மலையாளத்துக்காரர் நாவில் அவை சேர்ந்து நிற்கும்போது என்ன பொருள் என்பதை எந்த அகராதியில் தேடுவது?

நம் ஓலத்தை எடுத்து அவர்கள் ஒரு வேடிக்கைப் பெயர் செய்துகொண்டார்கள். அவர்களுடைய இரண்டு சொற்களை எடுத்து நாம் ஓர் ஓலம் செய்து வைத்திருக்கிறோம்.

வண்டி புறப்பட்டுவிட்டது. ஜன்னல் வழியே அந்த வடநாட்டு அன்பர் கையசைத்து, "போத்தனூர்!" என்று கூவினார். இம்முறை உச்சரிப்பு சரியாகவே இருந்தது.